தெல்மா ரிட்டர்: ஆறு முறை பரிந்துரை, ஒரு ஆஸ்கர்கூட இல்லை. ஏன்?

கேள்வி:
நேற்று ராத்திரி ஹிட்ச்காக்கின் 'ரியர் விண்டோ' (1954) மறுபடி பார்த்தேன். முதல் தடவை பார்த்தபோது, உண்மையைச் சொன்னால், கிரேஸ் கெல்லியைத் தவிர வேறு யாருமே கண்ணில் படவில்லை. இந்த முறை காலில் மாவுக்கட்டோடு உட்கார்ந்திருக்கும் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டுக்கு முதுகு பிடித்துவிட்டுக்கொண்டே வாயாடுகிறாரே, ஸ்டெல்லா என்ற நர்ஸ், அவர் எப்போது வருவார் என்றே காத்திருந்தேன். தேடினால் பெயர் தெல்மா ரிட்டர், துணை நடிகைக்கான ஆஸ்கருக்கு ஆறு முறை பரிந்துரை, ஆறிலும் வெறுங்கை. இது வெறும் துரதிர்ஷ்டமா? அவர் நடித்ததில் அடுத்து எதைப் பார்க்கலாம்?

பதில் 1:
சினிமாவுக்கு வரும்போதே அவருக்கு வயது 45. 1902இல் புரூக்ளினில் பிறந்தவர், அதற்கு முன் நாடகம், வானொலி. 1947இல் 'மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்' படத்தில், பையன் கேட்ட பொம்மை தீயணைப்பு வண்டி கடை கடையாக அலைந்தும் கிடைக்காமல் எரிச்சலில் இருக்கும் ஒரு அம்மா. டைட்டிலில் பெயர்கூட இல்லை. ஆனால் 1950 முதல் 1953 வரை வந்த படங்களுக்கு வருடம் தவறாமல் நான்கு பரிந்துரை, அப்புறம் 1959க்கும் 1962க்கும். 'ஆல் அபவுட் ஈவ்' படத்தில், பிரபல நடிகை ஒருவரிடம் ரசிகையாக வந்து ஒட்டிக்கொள்ளும் ஈவ் சரியில்லை என்று முதலில் மோப்பம் பிடிப்பது அந்த நடிகையின் உதவியாளராக வரும் இவருடைய பேர்டிதான், அதை யாரும் காதில் வாங்குவதில்லை. பாதிப் படத்துக்கு மேல் பேர்டியே காணாமல் போய்விடுகிறார்! அதே படத்திலிருந்து செலஸ்ட் ஹோமும் அதே பிரிவில் போட்டியிட்டார், கடைசியில் 'ஹார்வி' படத்துக்காக ஜோசபின் ஹல் வாங்கிக்கொண்டு போனார்.

பதில் 2:
துரதிர்ஷ்டம் பாதிதான். வேலைக்காரி, நர்ஸ், உண்மையைப் பட்டென்று போட்டு உடைக்கும் அக்கா, இதையே திரும்பத் திரும்பக் கொடுத்தார்கள், அவரும் அலட்டிக்கொள்ளாமல் செய்தார், அதனால் இதில் நடிப்பு எங்கே என்று ஓட்டுப் போட்டவர்கள் நினைத்திருக்கலாம் (இது என் ஊகம்). 'பில்லோ டாக்' படத்தில் ராக் ஹட்சனோடு உட்கார்ந்து குடித்து, அவரையே சாய்த்துவிடும் வேலைக்காரி! 'தி மேட்டிங் சீசன்' (1951) பார்த்தால் இன்னும் கோபம் வரும். ஹாம்பர்கர் கடையை இழந்த ஒரு அம்மா மகன் வீட்டுக்கு வருகிறார், மருமகள் அவரைச் சமையல்காரி என்று நினைத்துவிட, அதையே பிடித்துக்கொண்டு அந்த வீட்டிலேயே வேலைக்குச் சேர்ந்துவிடுகிறார். கதையே அவருடையது, ஆனால் டைட்டிலில் ஜீன் டியர்னி, ஜான் லண்ட், மிரியம் ஹாப்கின்ஸ் எல்லாம் முன்னால், பரிந்துரையும் 'துணை'.

பதில் 3:
அடுத்து எது என்றால் யோசிக்கவே வேண்டாம், 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்' (1953), சாமுவேல் ஃபுல்லர் இயக்கியது. கழுத்துப்பட்டை விற்றுக்கொண்டே போலீசுக்குத் துப்புக் கொடுத்துக் காசு வாங்கும் மோ என்ற கிழவி. அநாதைப் பிணமாகப் புதைக்கப்படக் கூடாது, நல்ல இடத்தில் நல்லபடியாக அடக்கம் நடக்க வேண்டும், அதற்காகத்தான் சேர்த்துவைக்கிறாள். கடைசியாக அவள் அறையில் ஒருத்தன் துப்பாக்கியோடு வரும் காட்சியைச் சொல்லிக் கெடுக்க மாட்டேன். பயமே இல்லை அவள் முகத்தில், வெறும் அலுப்பு. அந்த வருடம் ஆஸ்கர் டோனா ரீடுக்குப் போனது, எனக்கு இன்னும் ஆறவில்லை.

பதில் 2 மறுபடியும்:
ஒன்று விட்டுவிட்டேன். மேடையில் அவர் வெறுங்கையோடு போகவில்லை. 'நியூ கேர்ள் இன் டவுன்' என்ற இசை நாடகத்துக்காக 1958இல் டோனி விருது (அமெரிக்க மேடை நாடகத்துக்கு ஆஸ்கர் மாதிரி), கூட நடித்த க்வென் வெர்டனோடு சமமாகப் பகிர்ந்து. அதுவும் சிறந்த நடிகை பிரிவில், துணை இல்லை! இன்னொரு கூத்து, இரண்டு ஊரில் சேர்ந்து நடந்த 1955 ஆஸ்கர் விழாவை ஹாலிவுட்டில் பாப் ஹோப் நடத்த, நியூயார்க் பக்கம் நடத்தியது இவர்தான்.

கேள்வி கேட்டவர்:
நன்றி. மோவைப் பார்த்துவிட்டேன். அந்த அறைக் காட்சிக்கு அப்புறம் படத்தை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன், மீதியை நாளைக்குத்தான் பார்க்க வேண்டும்.