உப்புக் காற்றில் உயரமான கட்டிடம் எப்படி நிற்கிறது?

கீழக்கரைவாசி: எங்கள் மாடித் தூணில் பத்தே வருஷத்தில் கம்பி துருப்பிடித்து, சிமெண்ட் பாளம் பாளமாகப் பெயர்ந்து விழுகிறது. இதே கடற்காற்றில் நூறு மாடி ஆபீஸை எப்படிக் கட்டுகிறார்கள் அண்ணே?

மண்டபம் இன்ஜினியர்: தம்பி, கம்பியை மூடும் கான்கிரீட்தான் கவசம். கடலோரத்தில் அது 45 மி.மீ.க்குக் குறையக் கூடாது என்கிறது ஐ.எஸ். 456 என்ற இந்தியக் கான்கிரீட் தர விதி. கலவைக்கு என்ன தண்ணீர் ஊற்றினார்கள்? நம் ஊர்க் கிணற்றுத் தண்ணீரை நாக்கில் வைத்தாலே கரிக்கும், அந்த உப்பு உள்ளிருந்தே கம்பியைத் தின்றுவிடும்.

தங்கச்சிமடத்துக்காரர்: சரி, புயலுக்கு? 1964-இல் தனுஷ்கோடியே போயிற்றே.

மண்டபம் இன்ஜினியர்: தைவானில் 508 மீட்டர் உயர தைபே 101 கோபுரத்தின் மேல்மாடிகளுக்குள் 660 டன் எஃகு உருண்டையைக் கம்பிவடத்தில் தொங்கவிட்டிருக்கிறார்கள். காற்று கட்டிடத்தை ஒரு பக்கம் தள்ளினால் உருண்டை பின்தங்கி எதிர்ப்பக்கம் இழுக்கும், ஆட்டம் அடங்கும். அப்புறம் கீழக்கரைத் தம்பி, உங்கள் மாடித் தூணுக்கு வெறுமனே பூசிவிடாதே, துருவைச் சுரண்டி எடுத்த பிறகு பூசு.