இரண்டாவது பல்பு ஃபியூஸ் என்று தெரிந்தால் முதலாவதின் நிகழ்தகவு எப்படி மாறும்?

கேள்வி:
பெட்டியில் 10 பல்பு. 3 ஃபியூஸ் போனவை, 7 நல்லவை. ஒன்றன்பின் ஒன்றாக 2 எடுக்கிறோம். எடுத்ததைத் திரும்பப் போடுவதில்லை. இரண்டாவது பல்பு ஃபியூஸ் என்று தெரிந்தால், முதலாவதும் ஃபியூஸாக இருக்க நிகழ்தகவு என்ன? எனக்கு வந்தது 3/10. முதல் பல்பை எடுக்கும்போது பத்தும் பெட்டிக்குள்தானே இருந்தன, பிறகு நடப்பது அதை எப்படிப் பாதிக்கும்? விடை 2/9 என்று போட்டிருக்கிறது. அடுத்த கணக்கில் "இரண்டில் குறைந்தது ஒன்று ஃபியூஸ்" என்று கொடுத்து, இரண்டுமே ஃபியூஸாக இருக்க 1/8 என்கிறார்கள். இரண்டும் ஒரே தகவல் மாதிரிதானே இருக்கிறது?

பதில் 1:
சூத்திரத்தை ஒதுக்கிவிட்டு எண்ணிப் பாருங்கள். பல்புகளுக்கு 1 முதல் 10 வரை நம்பர் போடுங்கள். 1, 2, 3 ஃபியூஸ். வரிசையோடு எடுக்க 10 × 9 = 90 வழி.

இரண்டாவது இடத்தில் 3ஆம் நம்பர் பல்பு வந்தது என்று வையுங்கள். அப்படியானால் முதல் இடத்தில் 3 இருந்திருக்கவே முடியாது. மிச்சம் ஒன்பதில் ஏதோ ஒன்று. அந்த ஒன்பதில் ஃபியூஸ் 1, 2 மட்டும். 2/9 அங்கேயே தெரிகிறது. 1, 2 இரண்டாவதாக வந்தாலும் இதே கதை. ஆக 3 × 9 = 27 வழியில், முதலாவதும் ஃபியூஸ் ஆவது 3 × 2 = 6.

முதல் பல்பு மாறவில்லை. அதைப் பற்றி நமக்குத் தெரிந்தது கூடியிருக்கிறது. நிபந்தனை காலத்தில் முன்னால் வர வேண்டும் என்று எந்த விதியும் கிடையாது.

"குறைந்தது ஒன்று ஃபியூஸ்" என்றால் எந்த இடம் என்று சொல்லவில்லை. இரண்டும் நல்லதாக வர 7 × 6 = 42 வழி; அதைக் கழித்தால் 48. இரண்டும் ஃபியூஸ் அதே 6தான். 6/48 = 1/8. தொகுதி இரண்டு கணக்கிலும் ஒன்று. பகுதி 27ஆ 48ஆ என்பதில்தான் வித்தியாசம்.

பதில் 2:
சீட்டுக்கட்டிலும் இதே விஷயம் வரும். 52இல் 2 சீட்டு எடுத்து, குறைந்தது ஒன்று ஏஸ் என்றால் இரண்டும் ஏஸாக இருக்க 6/198, அதாவது 1/33. ஸ்பேடு ஏஸ் இருக்கிறது என்று குறிப்பாகச் சொன்னால் 3/51, அதாவது 1/17. கிட்டத்தட்ட இரண்டு மடங்கு. அதனால் கேள்வியில் "ஏதாவது ஒன்று", "இரண்டாவது", "இந்த ஒன்று" என்ற சொற்களை அடிக்கோடிட்டுவிட்டுக் கணக்கில் இறங்குங்கள்.

மார்க் போகும் இடம் இன்னொன்று: "சரியாக ஒன்று ஃபியூஸ்". 3/10 × 7/9 = 7/30 என்று எழுதி நிறுத்திவிடுவார்கள். அது ஃபியூஸ் முதலில், நல்லது அடுத்து என்ற வரிசைக்கு மட்டும். மறுவரிசைக்கும் 7/30, கூட்டினால் 7/15. சேர்வில், அதாவது வரிசை பார்க்காமல் போட்டால் 3 × 7 = 21 ஜோடி, மொத்தம் 45. மேலே 21 போட்டுக் கீழே 90 போடாதீர்கள்; வரிசையைக் கணக்கில் எடுத்தால் இரண்டு பக்கமும் எடுக்க வேண்டும்.

கேட்டவர்:
நன்றி சார், 27உம் 48உம் புரிந்தது. முதல் பல்பைப் பார்க்காமலே ஓரமாக வைத்துவிட்டால், இரண்டாவது ஃபியூஸாக இருக்க 3/10ஆ, 3/9ஆ?

பதில் 1:
3/10. முதலாவது ஃபியூஸ் என்றால் 3/10 × 2/9 = 6/90; நல்லது என்றால் 7/10 × 3/9 = 21/90. கூட்டினால் 27/90. 3/9 வர வேண்டுமானால் முதலாவது நல்லது என்று தெரிந்திருக்க வேண்டும். நீங்கள் பார்க்கவில்லை, அதனால் பெட்டிக்கு வெளியே இருந்தாலும் கணக்கில் அது பத்தோடு ஒன்றுதான்.

பதில் 3:
பெட்டி பெரிதானால் இந்த வித்தியாசம் கரைந்துவிடும். 10,000 பல்பில் 3,000 ஃபியூஸ் என்றால் 2/9க்குப் பதில் 2999/9999, சுமார் 0.29993. அங்கே 0.3 என்றே வைத்துக்கொண்டு போகலாம். பத்து பல்பில் 0.222க்கு 0.3 போட்டால் விடை தப்பு.