தலையில செல் (எறிகணை) காயம் இருக்கிற ஆக்களுக்கு டி.எம்.எஸ்: பார்த்த ஆக்கள் எழுதுங்க

படுவான்கரை:
டி.எம்.எஸ், அதாவது தலையில கம்பிச் சுருளை வெச்சு காந்தத் துடிப்பால மூளையைத் தூண்டுற மனச்சோர்வுச் சிகிச்சை, என்னெண்டு தெரிஞ்ச ஆக்கள்தானே இங்க, நேர விசயத்துக்கு வாறன். வவுணதீவுப் பக்கத்து ஆள், வயது 55க்கு மேல. மாத்திரை ரெண்டு வகை மாத்தியும் மனச்சோர்வு விடல்ல. "தலையில உலோகம் ஏதும் உண்டா?" எண்ட கேள்விக்கு இல்லை எண்டு கையெழுத்து வெச்சிட்டார். தொப்பி போட்டு நாடாவால அளக்கக்குள்ள, இடது காதுக்குப் பின்னால புளியங்கொட்டை அளவில ஒரு கட்டி விரலில தட்டுப்பட்டுது. "அது 90ல செல் பட்டது சேர். அதையுமா கேட்டீங்க?"

பிழை அவரில இல்ல, கேள்வியில. "செல், சன்னம், மிதிவெடி பட்டதா?" எண்டு ஒவ்வொண்டாக் கேக்கணும். முடிக்குள்ள விரல் விட்டும் பார்க்கணும். சுருளில எழும்புற காந்தப்புலம் 1.5 டெஸ்லா அளவு. துண்டு சூடாகும், இரும்பெண்டா அசையவும் பார்க்கும். சுருளுக்கு 30 சென்ரிமீற்றருக்குள்ள கழட்ட ஏலாத உலோகம் இருந்தா செய்யக்கூடாது. பல் அடைச்சதுக்குப் பயமில்லை.

பாண்டிருப்பு:
உலோகத்தோட நிப்பாட்டினது போதாது. துண்டை எடுத்திட்டாலும் மூளையில தழும்பு இருந்தா வலிப்பு வரக்கூடும். சி.டி. எடுங்க. எம்.ஆர்.ஐ.க்கு அனுப்பிடாதீங்க, அங்க இருக்கிறது இதைவிடப் பெரிய காந்தம்.

ஓய்வுபெற்ற ஒரு ரீச்சர் மறக்கேலாத ஆள். அளவு பார்க்க, விரலை ஆட்டுற மூளைப் பகுதிக்கு மேல சுருளை வெச்சு அடிக்க, பெருவிரல் தானா துள்ளின உடனே "கரண்ட் வைக்கிறீங்களா?" எண்டு எழும்பிட்டா. அதை முன்னமே சொல்லி வைக்கணும்: இது இ.சி.டி. (மின்னதிர்ச்சிச் சிகிச்சை) இல்ல, மயக்க மருந்து இல்ல, வலிப்பு வர வைக்கிறதும் இல்ல. மாறுற காந்தப்புலம் மண்டையோட்டுக்குக் கீழ 2, 3 சென்ரிமீற்றர் ஆழத்தில சின்ன மின்னோட்டத்தை உண்டாக்கும், அதில நரம்பு தூண்டப்படும். பத்துத் தரம் அடிச்சா அஞ்சு தரம் விரல் துள்ளுற ஆகக் குறைஞ்ச அளவுதான் அந்த ஆளின்ர வாசல் அளவு. சிகிச்சை அதில 120 வீதம். மறுகா சுருளை 5 சென்ரிமீற்றர் முன்னுக்கு நகர்த்தினா இடது முன்மூளை, அதுதான் மனச்சோர்வுக்கு அடிக்கிற இடம்.

ஓட்டமாவடி:
அந்த 5 சென்ரிமீற்றர் கணக்கை விடுங்க. தலை எல்லாருக்கும் ஒரே அளவா? பெரிய தலையில சுருள் உடம்பை ஆட்டுற இயக்கப் பகுதிக்கு மேலயே நிண்டுடும், ஆறு கிழமையும் வீண். மூக்கடியில இருந்து பிடரி மேடு, காதில இருந்து காது, தலைச் சுற்று, மூண்டையும் அளந்து, இடது முன்மூளைக்கு மேல வாற F3 எண்ட புள்ளியைக் கண்டுபிடிங்க.

கல்முனைப் பொடியன் ஒருத்தன் ஞாயிறு ராவு பஸ்ஸேறி, கண் சிவக்கச் சிவக்கத் திங்கள் காலமை கொழும்பில கதிரையில இருந்தான். அண்டைக்கு அடிக்கவே கூடாது. வலிப்பு ஆயிரம் பேரில ஒருத்தருக்கும் குறைவு, ஆனா நித்திரை இல்லாத தலைக்கு அந்தக் கணக்குப் பொருந்தாது. கிழமைக்கு அஞ்சு நாள், நாலில இருந்து ஆறு கிழமை, கிழக்கில இருந்து போறவங்க கிட்டத் தங்க இடம் பார்க்கணும். வீட்டுக்கு வந்தா ஞாயிறு பகலே திரும்புங்க. குடியை மறைக்காதீங்க. வலிப்பு வாற வாய்ப்பைக் கூட்டுற புப்ரோபியன், குளோசபின் மாதிரி மனநல மருந்து போடுறதெண்டா சொல்லுங்க. நித்திரைக் குளிசையைத் திடீரெண்டு நிப்பாட்டாதீங்க. காதடைப்பான் ரெண்டு பக்கமும் கட்டாயம், மெஷினின்ர சத்தம் அப்பிடி. நெத்தி சுண்டுற வலி முதல் கிழமையோட குறையும். பழைய முறையில 3000 துடிப்பு, 37 நிமிசம்: 4 செக்கன் அடி, 26 செக்கன் ஓய்வு. துடிப்பைக் கொத்துக் கொத்தா வேகமா அடிக்கிற தீட்டா முறையில 600 துடிப்பு, மூண்டு நிமிசம். 2018ல ரெண்டையும் ஒப்பிட்டுப் பார்த்ததில பலன் குறையல்ல. தங்கிறதுக்குக் காசில்லாத ஆக்கள் அதைக் கேளுங்க, நாள் குறையாட்டியும் மிச்ச நேரத்தில வேலை பார்க்கலாம்.

படுவான்கரை:
F3 சரி. ஆனா நான் கேட்டது காயம் மறைக்கிற ஆக்களைப் பத்தி. தழும்பைக் காட்டினா சோதனைச்சாவடியில கேள்வி வந்த காலம் அவங்களுக்கு மறக்கல்ல. பக்கத்தில ஆரையும் வெச்சுக் கேக்காதீங்க. எப்ப, எங்க, ஆரால எண்டு வேணாம். எந்த இடத்தில, எத்தனை துண்டு, அது போதும்.