மட்டக்குதிரைகளின் காலத்து மின்னணு இசை நினைவிருக்கிறதா?

விடுதிவாசி:
வணக்கம். 2010 அக்டோபரில் தொடங்கிய ‘மை லிட்டில் போனி: ஃபிரெண்ட்ஷிப் இஸ் மேஜிக்’ மட்டக்குதிரைக் கார்ட்டூன் தொடரைச் சுற்றி, ‘பிரோனி’ என்று தம்மை அழைத்துக்கொண்ட ரசிகர்கள் ஒரு தனி இசையுலகையே எழுப்பியிருந்தார்கள். 2012 வாக்கில் கல்லூரி விடுதியில் இரவுதோறும் அதைத்தான் கேட்பேன். ஒளிரும் பிடரியுடன் ஒரு மட்டக்குதிரை திரையில் அசையாமல் நிற்க, அதனடியில் ஒலியலைக் கோடு மட்டும் துள்ளிக்கொண்டிருக்கும். சிறுமிகளுக்கான பொம்மைத் தொடரிலிருந்து டப்ஸ்டெப், யூரோபீட் என்று இவ்வளவு மின்னணு நடனப் பாடல்கள் எப்படிப் பிறந்தன? அவற்றை இன்று எங்கே தேடுவது?

செல்லோ பிரியை:
என்னைக் கேட்டால், பேசாத ஒரு குதிரைதான் காரணம். முதல் பருவத்தின் ஆடை அணிவகுப்புக் காட்சியில், ஊதாக் கண்ணாடியும் நீலப் பிடரியுமாக ஒரு வெள்ளைக் குதிரை இசைத்தட்டு சுழற்றிவிட்டுச் சில நொடிகளில் மறைந்துவிடும். ரசிகர்கள் அதற்கு வினைல் ஸ்கிராட்ச் என்று பெயர் சூட்டினார்கள். அதே பருவத்தின் இறுதியில் செல்லோ என்ற பெரிய நரம்பிசைக் கருவியை வாசித்த சாம்பல் நிறக் குதிரையை ஆக்டேவியா ஆக்கி, இருவரையும் ஒரே வீட்டில் குடிவைத்தார்கள். அந்த வீட்டில் என்ன இசை ஒலித்திருக்கும் என்ற கற்பனையில்தான் செல்லோவும் டப்ஸ்டெப்பும் கலந்த எத்தனையோ பாடல்கள் உருவாயின. 2015 ஜூனில் வந்த நூறாவது பகுதியில், நடுவே பிரிந்து பாதிக்குப் பாதி வேறு அலங்காரத்துடன் அந்த வீடு திரையில் தோன்றியபோது நான் அழுதேவிட்டேன்.

பழைய ஒலிநாடா:
அதோடு டேனியல் இங்ராம் தொடருக்காக அமைத்த பாடல்களையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். மறுகலவைக்கு (ரீமிக்ஸ்) முதல் கச்சாப்பொருள் அவைதான். இசை மென்பொருளை அன்றுதான் திறந்து பழகியவர் வெளியிட்ட பாடலையும் பொறுமையாகக் கேட்டுக் கருத்துச் சொல்ல ஆள் இருந்தது என்பதை இன்றும் பெரிதாக மதிக்கிறேன். 2019இல் தொடரும் முடிந்தது, பால்டிமோரில் நடந்துவந்த பிரோனிகான் மாநாடும் முடிந்தது. பலர் பெயரை மாற்றிக்கொண்டு பழைய பாடல்களை நீக்கிவிட்டார்கள். ஆனாலும் ‘போனீஸ் அட் டான்’ என்ற ரசிகர் இசைக் குழுவின் தொகுப்புகளைக் கேட்டுப் பாருங்கள். அந்த மரபு அங்கே தொடர்ந்திருக்கிறது.

விடுதிவாசி:
இருவருக்கும் நன்றி. நேற்றிரவு பழைய வன்தட்டைத் திறந்து பார்த்ததில் முப்பத்தெட்டுக் கோப்புகள் மிஞ்சியிருக்கின்றன. அவற்றில் ஒன்று இணையத்தில் எங்குமே கிடைக்கவில்லை. இயற்றியவரின் புதிய பெயரைக் கண்டுபிடித்துவிட்டேன்; அவர் இசைந்தால் மட்டுமே இங்கே பகிர்வேன்.