யோசப் விர்ஷிங்கின் ஒளிப்பதிவு: 'மஹல்' படத்தின் இருள் எங்கிருந்து வந்தது?

மயிலாடுதுறை வாசகர்:

எங்கள் ஊர் நூலகத்தில் மாதந்தோறும் பழைய படம் ஒன்றைத் திரையிட்டுப் பேசுகிறோம். அடுத்தது, 1949-இல் வெளிவந்த இந்திப் படமான 'மஹல்'. அதன் ஒளிப்பதிவாளர் யோசப் விர்ஷிங் 1903-இல் மியூனிக்கில் பிறந்தவர் என்பதால், அப்படத்தில் கவிந்திருக்கும் இருள் ஜெர்மானிய மௌனப் படங்களிலிருந்து வந்தது என்றே பலரும் எழுதுகிறார்கள். அது முழு உண்மைதானா? விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

கும்பகோணம் ஸ்டுடியோக்காரர்:

பாதி உண்மை என்பேன், ஐயா. ஜெர்மானிய இயக்குநர் ஃப்ரான்ஸ் ஆஸ்டனும் இந்தியத் தயாரிப்பாளர் ஹிமான்ஷு ராயும் உருவாக்கி 1925-இல் வெளிவந்த 'லைட் ஆஃப் ஏசியா' படத்துக்காகத்தான் விர்ஷிங் முதலில் இந்தியா வந்தார். ஸ்டுடியோ அரங்குகளோ செயற்கை விளக்குகளோ இன்றி எடுக்கப்பட்டது என்று அதன் தொடக்க எழுத்துகளே அறிவிக்கின்றன. ஆகவே, இந்த நாட்டில் அவர் முதலில் எதிர்கொண்டது இருளை அன்று, வெயிலை. அது எத்தகைய சோதனை என்பது கல்யாணப் படம் எடுக்கும் எனக்குத் தெரியும். சித்திரை உச்சி வெயிலில் காவிரிப் படித்துறையில் மணமக்களை நிறுத்தினால், புருவத்துக்குக் கீழே கண் இருக்குமிடம் கறுத்துப்போகும். எதிரே தெர்மோகோல் பலகையைப் பிடித்து வெளிச்சத்தைத் திருப்பிவிட்டால்தான் பார்வையே புலப்படும். பின்னாளில் பாம்பே டாக்கீஸ் படநிறுவனத்தின் மலாட் ஸ்டுடியோவில் விளக்குகள் கைக்கு வந்தபோதும், 1936-இன் 'அச்சூத் கன்யா'வில் நாயகி தேவிகா ராணியின் முகத்தை அவர் மென்மையாக ஒளியூட்டியிருப்பதைப் பாருங்கள். இருட்டை அடர்த்தியாக்கும் துணிவு ஜெர்மனியில் கற்றதாக இருக்கலாம். முகத்தை அதில் தொலைத்துவிடாத கவனம் இங்கே வளர்ந்தது என்பதே என் துணிபு.

திருவாரூர் வாசகர்:

ஸ்டுடியோக்காரர் சொன்னதை ஏற்கிறேன். கூட்டத்தில் போர்க்காலத்தையும் மறவாமல் குறிப்பிடுங்கள். 1939-இல் போர் மூண்டதும், ஜெர்மானியர் என்ற ஒரே காரணத்துக்காக ஆங்கிலேய அரசு அவரைத் தடுப்பு முகாமில் அடைத்தது. கைதேர்ந்த ஒரு கலைஞரின் நல்ல ஆண்டுகள் அப்படிப் பறிபோயின. ஆஸ்டன் ஜெர்மனிக்குத் திரும்பிவிட்டார். விர்ஷிங்கோ போருக்குப் பிறகும் இங்கேயே தங்கி, 'மஹல்' இயக்குநர் கமால் அம்ரோஹிக்காகவே 'பாகீசா'வையும் ஒளிப்பதிவு செய்தார். கறுப்பு வெள்ளையில் தொடங்கி, வண்ணத்துக்கும் பிறகு சினிமாஸ்கோப் என்னும் அகலத்திரைக்கும் மாறி இழுத்துக்கொண்டே போன அந்தப் படம் முடியும் முன்பே, 1967-இல் அவர் பம்பாயில் காலமானார். எஞ்சிய காட்சிகளை வேறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்து முடிக்க, படம் 1972-இல் வெளிவந்தது.

நேரம் இருந்தால், 'மஹல்' தொடங்குமுன் 'அச்சூத் கன்யா'விலிருந்து பத்து நிமிடமாவது போட்டுக் காட்டுங்கள்.