மறுமொழி: ‘டீசிங்க்’ என்பதற்குப் ‘பிசகு’ எனலாமா?

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

பலர் சேர்ந்து ஆடும் கணினி விளையாட்டில் ஒருவர் கணினியில் இருக்கும் உலகம் மற்றவர் கணினியில் இருப்பதிலிருந்து வேறுபட்டுப்போவதை ‘டீசிங்க்’ என்கிறார்கள், அதற்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று போன வாரம் கேட்டிருந்தேன். அதற்கு வந்த மடல்கள் எல்லாவற்றையும் இரண்டு தடவை படித்துவிட்டேன். நேரம் எடுத்து எழுதியவர்களுக்கு நன்றி. ‘ஒத்திசைவிழப்பு’, ‘நிலைமுரண்’, ‘தடம் பிரிதல்’ என்று மூன்று நல்ல சொற்கள் வந்திருக்கின்றன. ஆனாலும் நான் ‘பிசகு’ என்ற சொல்லையே முன்வைக்கிறேன். ஏன் என்று கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

முதலில், இந்தச் சொல் எனக்கு எதற்குத் தேவைப்பட்டது என்ற கதை. நாங்கள் நாலு பேர் ரிம்வேர்ல்டு ஆடுகிறோம். 2018 அக்டோபரில் முழுப் பதிப்பாக வந்த அந்த விளையாட்டு அடிப்படையில் ஒருவர் தனியாக ஆடுவது. பலர் சேர்ந்து ஆட வேண்டுமென்றால் மல்டிபிளேயர் மாட் போட வேண்டும். (மாட் என்பது விளையாட்டோடு நாமே சேர்த்துக்கொள்ளும் கூடுதல் நிரல்.) ஒரு நாள் எங்களில் இளையவனான தம்பி “அண்ணா, கேம் கிராஷ் ஆகுது” என்று செய்தி அனுப்பினான். நானும் கிராஷ் என்றால் செய்ய வேண்டியதையெல்லாம் செய்தேன். விளையாட்டு தன் ஓட்டத்தைக் குறித்துவைக்கும் பிளேயர்.லாக் கோப்பை அனுப்பச் சொன்னேன், நினைவகம் போதுமா என்று பார்த்தேன், மாட்களைப் பாதிப் பாதியாக அணைத்துப் பார்க்கச் சொன்னேன். இரண்டு சாயங்காலம் போனது. லாக்கில் ஒன்றுமே இல்லை. மூன்றாம் நாள் அவன் திரையைப் பகிர்ந்து காட்டினான். பார்த்தால் விளையாட்டு நன்றாகத்தான் இருக்கிறது. நடுவில் ஓர் அறிவிப்புப் பெட்டி வந்து நிற்கிறது, அவ்வளவுதான். அதைப் பார்த்ததும் அவனே விளையாட்டை மூடிவிட்டு ‘கிராஷ்’ என்று எழுதிக்கொண்டிருந்திருக்கிறான்.

அப்புறம் இரண்டு திரைகளையும் ஒப்பிட்டோம். தெற்கு வாசலில் எங்கள் சமையல்காரி நிற்கிறாள், ஒரு காட்டுப்பன்றி அவள்மேல் பாய்கிறது. என் திரையில் பன்றியின் கடி தவறிவிட்டது, அவளுக்குக் கீறல்கூட இல்லை. அவன் திரையில் அதே கணம் அவள் இடது காலில் ரத்தம் ஒழுகுகிறது. இரண்டு கணினிகளுமே தங்கள் கணக்கில் சரியாகத்தான் ஓடுகின்றன. ஆனால் ஒன்றின் உலகம் மற்றதன் உலகம் இல்லை. இதைத்தான் ‘டீசிங்க்’ என்கிறோம். இதற்கென்று வாயில் சட்டென்று வரும் தமிழ்ச்சொல் ஒன்று இருந்திருந்தால் அந்த இரண்டு சாயங்காலமும் வீணாகியிருக்காது.

இது எப்படி வருகிறது என்பதை எழுதாமல் சொல்லைத் தேர்ந்தெடுக்க முடியாது. இந்த மாட்டில் உலகம் முழுவதையும் ஒரு கணினி மற்றொன்றுக்கு அனுப்பிக்கொண்டே இருப்பதில்லை. “இந்த ஆள் அங்கே போகட்டும்”, “இந்தச் சுவரைக் கட்டு” என்ற கட்டளைகள் மட்டும்தான் போகின்றன. மீதியை ஒவ்வொரு கணினியும் தானே கணக்கிட்டுக்கொள்கிறது. அந்தக் கணக்கு அடி அடியாக (‘டிக்’) நகர்கிறது, சாதாரண வேகத்தில் நொடிக்கு 60 அடி. எல்லாரும் ஒரே இடத்தில் தொடங்கி, ஒரே கட்டளையை ஒரே அடியில் செய்து, கடி பட்டதா தவறியதா போன்றவற்றை முடிவுசெய்ய ஒரே தற்செயல் எண் வரிசையைப் பயன்படுத்தினால் எல்லா உலகமும் ஒன்றாகவே இருக்கும். பழைய முறைதான். 1997இல் வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் இப்படித்தான் ஓடியது. நொடிக்கு 28.8 கிலோபிட் மட்டுமே அனுப்பும் மோடத்தில் ஆயிரக்கணக்கான படைவீரர்களின் இருப்பிடத்தை அனுப்ப முடியாது, கட்டளைகளை அனுப்பலாம். அதை உருவாக்கியவர்கள் 2001இல் சொன்ன ஓர் எடுத்துக்காட்டு எனக்கு மறக்காது: வரைபடம் உருவாகும்போது ஒரு மான் கொஞ்சம் தள்ளி நின்றுவிட்டால், அது மேயும் இடம் மாறும். சில நிமிடம் கழித்து ஒரு வேட்டைக்காரனின் பாதை இம்மி மாறும், ஈட்டி தவறும், அவன் இறைச்சி இல்லாமல் வீடு திரும்புவான். தொடக்கத்தில் யார் கண்ணுக்கும் தெரியாத ஒரு சின்ன விலகல்.

சரி, இனி மறுப்புகளுக்கு வருகிறேன்.

> ‘ஒத்திசைவு’ ஏற்கெனவே வேரூன்றிய சொல். அதோடு ‘இழப்பு’ சேர்த்தால் போதாதா? புதிதாக ஒன்று எதற்கு?

ஐயா, நானும் இதைத்தான் முதலில் எழுதிவைத்திருந்தேன். பயன்படுத்தப் பயன்படுத்தத்தான் அது தப்பான பக்கம் கூட்டிப்போவது தெரிந்தது. ஒத்திசைவு என்றதும் நம் மனத்தில் வருவது காலம். உதடு அசைவதும் குரலும் ஒன்றாக வருவது, இரண்டு கடிகாரங்கள் ஒன்றாக ஓடுவது. அது போய்விட்டது என்று கேள்விப்படுகிறவர் என்ன செய்வார்? இணையத்தைச் சோதிப்பார், வைஃபையை அணைத்துப் போடுவார். எங்கள் தம்பியும் நான் “ஒத்திசைவு போயிடுச்சு” என்று சொன்னதும் ரவுட்டரைத்தான் போய்ப் பார்த்தான். ஆனால் டீசிங்க் நடக்கும்போது காலம் சரியாகவே இருக்கிறது. இரண்டு கணினியும் அதே அடி எண்ணில்தான் நிற்கின்றன. ஒருவர் பின்தங்கிப்போனால் அது வேறு சிக்கல், அதற்கு ‘தாமதம்’ என்ற சொல் இருக்கிறது. இங்கே காலம் ஒன்று, உள்ளடக்கம் இரண்டு.

இன்னொரு நடைமுறைச் சிக்கலும் உண்டு. ரிம்வேர்ல்டு மாட்கள் பெரும்பாலும் ஹார்மனி என்ற நிரலகத்தை (லைப்ரரி) நம்பி இருப்பவை. ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டின் செயற்கூறுகளில் (ஃபங்ஷன்) ஒட்டுப்போடுவது அதுதான். அந்தப் பெயரைத் தமிழாக்க விரும்புகிறவர் கையில் முதலில் அகப்படுவதும் ‘ஒத்திசைவு’தான். ‘ஒத்திசைவை நிறுவியும் ஒத்திசைவு இழந்தது’ என்று ஒருவர் எழுதினால் படிப்பவர் கதி என்ன?

> பிசகு என்றால் தவறு. அதாவது பிழை, வழு. ஏற்கெனவே அதற்குச் சொல் உள்ளது.

இந்த மறுப்புதான் எனக்கு உண்மையாகவே கடினமாக இருந்தது. இரண்டு நாள் யோசித்தேன். அக்கா சொல்வது சரி, ‘கணக்கில் பிசகு’ என்றால் தவறு என்றுதான் பொருள். ஆனால் அந்தச் சொல்லுக்கு இன்னொரு வீடு உண்டு. எங்கள் சித்தி மாடிப்படியில் கால் இடறி விழுந்தபோது கணுக்கால் வீங்கிப்போனது. வீட்டில் எல்லாரும் கேட்டது ஒரே கேள்விதான்: “முறிஞ்சிருக்கா, பிசகியிருக்கா?” எக்ஸ்ரே எடுத்துவிட்டு மருத்துவர் “முறிவு இல்லம்மா, பிசகுதான்” என்றதும்தான் சித்தப்பாவுக்கு மூச்சே வந்தது. முறிவு என்றால் ஒரு பாதை, பிசகு என்றால் வேறு பாதை. ஒன்றுக்குச் செய்வதை இன்னொன்றுக்குச் செய்தால் நிலைமை மோசமாகும். இது தமிழ் பேசும் எந்த வீட்டுக்கும் தெரியும்.

நமக்கு வேண்டியது அதே பிரிவினைதான். விளையாட்டு படாரென்று மூடிக்கொண்டால் அது முறிவு. அது ஓர் எலும்புக்குள் நடப்பது, ஒரு கணினியில் தனியாக நடக்கலாம். பிசகு அப்படி இல்லை. ஓர் எலும்பு தானாகத் தனியே பிசக முடியாது, இன்னோர் எலும்போடு சேரும் இடத்தில்தான் பிசகும். டீசிங்க்கும் அதே மாதிரி, ஓடும் விளையாட்டின் இரண்டு பிரதிகளுக்கு நடுவில் மட்டுமே நடக்கும். தனியாக ஆடுகிறவருக்கு அது வரவே வராது. இந்த மாட்டில் ஆட்டத்தை நடத்துகிறவர் கணினியில் கண்ணுக்குத் தெரியாமல் இரண்டாவது பிரதி ஒன்றை ஓடவிடும் வசதி இருக்கிறது, ‘நடுவர்’ என்ற பொருளில் பெயர் வைத்திருக்கிறார்கள். ஏன் தெரியுமா? ஒப்பிட இன்னொன்று இல்லாமல் பிசகைக் கண்டுபிடிக்கவே முடியாது. இந்த இடத்தில்தான் எனக்குச் சொல்மேல் முழு நம்பிக்கை வந்தது.

வழு என்பது காரணம், பிசகு என்பது விளைவு. ‘இந்த மாட்டில் வழு இருக்கிறது, அதனால் ஆட்டம் பிசகுகிறது’ என்று ஒரே வாக்கியத்தில் இரண்டையும் குழப்பமில்லாமல் எழுதலாம்.

> யாழ்ப்பாணத்தில் ‘தடம் பிரிதல்’ எண்டு சொன்னால் எல்லாருக்கும் விளங்கும். இரண்டு உலகம் இரண்டு தடத்தில போகுது.

உங்கள் சொல் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. அதை விட்டுவிட மனமில்லை. ஆனால் வினையாக்கிப் பார்த்தால் நீள்கிறது: ‘தடம் பிரிந்துவிட்டது’, ‘தடம் பிரிதல் பதிவு’, ‘தடம் பிரியாமல் ஆட’. பிசகு சட்டென்று வளைகிறது: ஆட்டம் பிசகியது, பிசகுப் பதிவு, பிசகாத மாட், பிசகாமல் ஆட. அதோடு, பிசகை அறிவிக்கும் பெட்டி வருவதற்கு முன்பே உலகங்கள் பிரிந்துவிட்டிருக்கும். அந்த முதல் கணத்துக்கும் ஒரு பெயர் வேண்டும். அதற்கு உங்கள் சொல்லை எடுத்துக்கொள்ளலாமா? ‘தடம் பிரிந்த இடம்’. பழுது பார்க்கிறவர் தேடுவது அதைத்தான்.

எங்கள் கதையில் அந்த இடம் கிடைத்த விதத்தைச் சொல்கிறேன், சொற்கள் எப்படி உட்காருகின்றன என்று பாருங்கள். பிசகு நேர்ந்ததும் மாட் ஒரு ஜிப் கோப்பு எழுதிவைக்கிறது, பிசகுப் பதிவு என்றேனே, அதுதான். அதில் இரு தரப்பும் கடைசியாக எந்தெந்தச் செயற்கூறுகள் வழியாகத் தற்செயல் எண் எடுத்தன என்ற தடயம் இருக்கும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வரிவரியாக இறங்கினேன். ஒரே மாதிரி, ஒரே மாதிரி, ஒரே மாதிரி. திடீரென்று என் பக்கத்தில் மட்டும் ஒரு வரி கூடுதல். அது விளையாட்டின் கணக்கிலிருந்து வந்ததல்ல, திரையில் வரையும் பகுதியிலிருந்து வந்தது. அடுப்புக்கு மேல் புகை சுருண்டு எழும்புவதுபோல் காட்ட ஒரு சின்ன மாட் போட்டிருந்தோம். புகை எந்தக் கோணத்தில் எழ வேண்டும் என்று அது விளையாட்டின் சொந்தத் தற்செயல் எண்களிலிருந்தே ஒன்றை எடுத்துக்கொண்டிருந்தது. நான் பார்த்துக்கொண்டிருந்தது சமையலறையை. தம்பி பார்த்துக்கொண்டிருந்தது தெற்கு வாசலை. ஆக, புகை என் திரையில் மட்டுமே வரையப்பட்டது, எண் வரிசை என் கணினியில் மட்டும் ஒன்று நகர்ந்தது. அடுத்து எண் கேட்டது பன்றி. அவனுக்கு வந்தது ‘கடித்தது’ என்ற எண், எனக்கு வந்தது அதற்கு அடுத்த எண். தடம் பிரிந்த இடம் புகை, பிசகு தெரிந்த இடம் சமையல்காரியின் இடது கால்.

வரைவதற்கு முன் எண் வரிசையின் நிலையை ஒதுக்கிவைத்து, வரைந்து முடித்ததும் திருப்பி வைத்தால் போதும், இந்தப் பிசகு வராது. கேட்பவருக்கும் இப்போது புரியும். ‘கிராஷ்’ என்று மட்டும் சொல்லியிருந்தால் எந்த ஜென்மத்தில் இந்த அடுப்புக்கு வந்து சேர்ந்திருப்போம்?

மற்ற சொற்களைப் பற்றி ரொம்ப நீட்டவில்லை. கிராஷ் என்பதற்குப் பலரும் ‘செயலிழப்பு’ என்று எழுதுகிறோம். அது எல்லாவற்றுக்கும் பொதுவான சொல்லாக இருக்கட்டும். விளையாட்டு தானாக மூடிக்கொண்டால் முறிவு, மூடாமல் அசைவற்று நின்றால் உறைவு, ஆள் ஆட்டத்திலிருந்து கழன்றால் இணைப்பறுதல், உலகங்கள் வேறுபட்டால் பிசகு. பேஜ் பிரேக்கை ‘பக்க முறிவு’ என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்களே என்று ஒருவர் கேட்டிருந்தார். பக்கத்தை உடைப்பதும் நிரல் உடைவதும் ஒரே கட்டுரையில் மோதிக்கொள்ளும் என்று எனக்குத் தோன்றவில்லை. ‘நிலைமுரண்’ பற்றி ஒன்று மட்டும்: நிலை என்பதைச் சரியாகப் பிடித்த சொல் அது, எழுத்தில் அழகாக இருக்கிறது. ஆனால் நள்ளிரவில் தலையணிக் கருவியில் யாரும் “நிலைமுரண் ஆயிடுச்சு” என்று கத்த மாட்டார்கள். “பிசகிடுச்சு, பிசகிடுச்சு, நிறுத்து” என்று எங்கள் தம்பி போன சனிக்கிழமை கத்தினான். நான் சொல்லிக்கொடுத்து இரண்டு நாள்தான் ஆகியிருந்தது.

இந்தச் சொற்களை வைத்துத் தமிழில் ஒரு பழுதுநீக்கக் குறிப்பு எழுதிக்கொண்டிருக்கிறேன். முதல் பத்தி இப்படித் தொடங்குகிறது: “முதலில், நடந்தது முறிவா பிசகா என்று பாருங்கள். விளையாட்டுச் சன்னல் இன்னும் திறந்திருக்கிறதா? திறந்திருந்து, மற்றவர் திரையிலிருந்து வேறுபட்டிருந்தால் அது பிசகு. பிளேயர்.லாக் மட்டும் போதாது, பிசகுப் பதிவை அனுப்புங்கள். இருவரிடமும் அதே மாட்கள், அதே வரிசையில், அதே அமைப்புகளோடு இருக்கின்றனவா என்று சரிபாருங்கள். அப்போதும் பிசகினால், கடைசியாகச் சேர்த்த மாட்டை அணைத்துவிட்டு ஆடுங்கள்.” திருத்தம் இருந்தால் தயங்காமல் சொல்லுங்கள்.

ஒரு சொல்லில் மட்டும் இன்னும் சிக்கி நிற்கிறேன். பிசகியபின் ஆட்டத்தை நடத்துகிறவரின் உலகத்தை முழுசாக மறுபடி அனுப்பி மற்றவரை அதே நிலைக்குக் கொண்டுவருவது, பிசகை அறிவிக்கும் பெட்டியில் ‘ரீசிங்க்’ என்ற பொத்தான். ‘மீளிணைப்பு’ என்று எழுதினால் இணைப்பு அறுந்து மீண்டும் சேர்வதோடு குழம்பும். கைகால் பிசகினால் ஊரில் ‘மூட்டை ஏற்றிவிடுவது’ என்பார்கள், ‘சுளுக்கு எடுப்பது’ என்பார்கள். அந்தப் பேச்சுவழக்கிலிருந்து ஒரு பொத்தானில் அடங்குகிற அளவுக்கு, ஏழெட்டு எழுத்துக்குள், ஒரு சொல் கிடைக்குமா? எலும்பு வைத்தியம் தெரிந்தவர்கள் யாராவது குழுவில் இருந்தால் அவர்கள் கையாளும் சொல்லை எழுதுங்கள், எந்த ஊர் வழக்கு என்பதையும் சேர்த்து.

அன்புடன்,
தெற்கு வாசலிலிருந்து