புதுப்பிப்பு: 'மேனோஸ்' படத்துக்கு நல்ல பிரதி உண்டு

1966-இல் அமெரிக்காவின் எல் பாசோ ஊர் உர வியாபாரி ஹரோல்ட் வாரன் எடுத்த, படுமோசமான படம் என்றே பெயர் வாங்கிய 'மேனோஸ்: த ஹேண்ட்ஸ் ஆஃப் ஃபேட்' என்ற திகில் படம் பற்றிப் போன முறை எழுதியிருந்தேன். "மங்கலான வீடியோதானே கிடைக்கிறது?" என்று பலர் அலுத்துக்கொண்டீர்கள். அவர்களுக்காக இது.

2011-இல் பென் சோலவி என்பவர் இணையத்தில் வாங்கிய ஃபிலிம் சுருள்களுக்குள் இந்தப் படத்தின் 16 மி.மீ. வொர்க்பிரிண்ட் (படத்தொகுப்பு வேலைக்குப் பயன்படுத்தும் முதல் பிரதி) இருந்தது. 16 மி.மீ.யில் எடுத்த படத்தைத் திரையரங்குக்காக 35 மி.மீ.க்குப் பெரிதாக்கியபோதே தெளிவு போய்விட்டது. அந்த வழியில் வந்ததைத்தான் இத்தனை நாள் பார்த்தோம். வொர்க்பிரிண்டில் வண்ணம் பளிச்சென்று இருக்கிறது. அதற்காக நடிப்பு தேறிவிட்டது என்று நினைக்க வேண்டாம்! ஒரு தடவைக்கு 32 விநாடி மட்டுமே ஓடும் கேமராவில், ஒலிப்பதிவே இல்லாமல் எடுத்து, பிறகு சிலர் மட்டும் உட்கார்ந்து எல்லாருக்கும் குரல் கொடுத்த படம்.

அந்தப் பிரதியிலிருந்து படத்தை மீட்கும் வேலையில் சோலவி இறங்கினார்; செலவுக்கு ரசிகர்கள் கிக்ஸ்டார்ட்டர் என்ற நிதி திரட்டும் தளத்தில் பணம் போட்டார்கள். 2015-இல் சினாப்ஸ் ஃபிலிம்ஸ் நிறுவனம் ப்ளூரே வட்டு வெளியிட்டது.

அப்புறம், உரிமை பற்றிக் கேட்டவருக்கு: படத்தில் பதிப்புரிமை அறிவிப்பே போடவில்லை. அன்றைய அமெரிக்கச் சட்டப்படி அது பொதுச் சொத்தாகவே கருதப்படுகிறது. சோலவி தனி ஆளாக மீட்பு வேலையில் துணிந்து இறங்க அதுவும் வசதியாகப் போயிற்று என்பது என் கணிப்பு.

ப்ளூரேயில் மீட்காத தேய்ந்த பிரதியும் இருக்கிறது. இரண்டையும் கொஞ்ச நேரம் மாற்றி மாற்றி ஓட்டிப் பாருங்கள்.